வாடகை என்று சொல்லிக் கட்டிய காசு

எங்கள் வீட்டில் வட்டி என்ற சொல்லை யாரும் வாயில் எடுப்பதில்லை. வாப்பா காலத்திலும் அப்படித்தான், நான் குடும்பம் நடத்தத் தொடங்கிய பிறகும் அப்படித்தான். பிள்ளைகள் பள்ளிக்கூடத்துக் கணக்குப் பாடத்தில் அந்தச் சொல்லைச் சத்தம் போட்டு வாசித்தால், உள்ளே அடுப்படியிலிருந்து என் மனைவி “மெதுவா படிங்க” என்பாள். அப்படிப்பட்ட நாங்கள் ஈட்டுக் கடன் எடுத்து வீடு கட்டினோம். அந்தக் கடனுக்கு நாங்கள் உண்மையில் என்ன விலை கொடுத்தோம் என்பது எனக்குத் தெரிய வந்த விதத்தையும், அதனால் அவளுக்கு என்ன கிடைக்காமல் போனது என்பதையும் எழுதிவைக்க நினைக்கிறேன். நான் அதிகம் படித்தவன் அல்ல. நடந்ததை நடந்தபடி சொல்கிறேன்.

பலாபத்வலையில், யாழ்ப்பாணம் போகும் பெரிய ரோட்டோரத்தில் எனக்கு ஒரு கடை. மிளகு, கொக்கோ, பாக்கு, கராம்பு என்று சுற்றுப்புறத்தில் விளைவதை வாங்கிக் காயவைத்து மாத்தளை டவுனில் உள்ள பெரிய கடைகளுக்குக் கொடுப்பேன். கடைக்குப் பின்னால் இரண்டு அறைகள் கொண்ட வாடகை வீட்டில் குடியிருந்தோம். மழை பிடித்துவிட்டால் காயாத மிளகை உள்ளே பரப்ப வேண்டும். மிளகும் நாங்களும் மூன்று பிள்ளைகளும் ஒரே நிலத்தில் படுப்போம். நாடு சுதந்திரம் அடைந்து சில வருடங்கள் சென்றபின், வீட்டுக்காரர் தன் மகனுக்குக் கலியாணம் பேசிவிட்டு எங்களை வெளிக்கிடச் சொன்னார். கோபமாகச் சொல்லவில்லை. ஆனால் நாள் குறித்துச் சொன்னார்.

கொஞ்சம் தள்ளி ஒரு துண்டுக் காணி ஏற்கெனவே வாங்கிப் போட்டிருந்தேன். வீடு எழுப்ப எட்டாயிரம் ரூபாய் தேவைப்பட்டது. சொந்தக்காரர்களிடம் கைமாற்றுக் கேட்டேன். ஐம்பது தருகிறேன் என்றார் ஒருவர், நூறு என்றார் இன்னொருவர். அவர்களும் என்னைப் போன்றவர்கள்தானே. கண்டியில் ஒரு கந்தோரில் காணி உறுதிப் பத்திரத்தை ஈடாக வைத்துக்கொண்டு வீடு கட்டக் கடன் கொடுக்கிறார்கள், மாதாமாதம் கட்டி இருபது வருடத்தில் முடிக்கலாம் என்று கேள்விப்பட்டேன். எங்கள் பள்ளிவாசலில் இருந்த, மார்க்கம் படித்த ஆலிமிடம் அஸர் தொழுகைக்குப் பிறகு போய் உட்கார்ந்து விஷயத்தைச் சொன்னேன். 

“கொடுக்கிறதும் பாவம், வாங்கிறதும் பாவம், எழுதுறதும் பாவம்” என்றார். “பொண்டாட்டி புள்ளயோட ரோட்ல நிக்கிற நெலமன்னா, அல்லாஹ் ஒங்கட கல்ப, உள்ளத்தப் பாக்கிறவன். ஆனா அதுல மனச வெச்சிறாதீங்க.”

மனதை வைக்காதீர்கள் என்று அவர் சொன்னதை நான் ஒரு படி கூட்டியே பிடித்துக்கொண்டேன். அதைப் பற்றி நினைக்கவே கூடாது, கேட்கவே கூடாது என்று எடுத்துக்கொண்டேன். கண்டிக் கந்தோரில் கையெழுத்துப் போட்ட அன்று, அங்கிருந்த ஐயா கடதாசியைப் புரட்டிப் புரட்டி விளக்கம் சொன்னார். நூற்றுக்கு இவ்வளவு என்று அவர் ஆரம்பித்ததும் நான் தலையைக் குனிந்து மனதுக்குள் பாவமன்னிப்புக் கேட்கும் இஸ்திக்ஃபார் ஓதத் தொடங்கினேன். அவர் பேசி முடிக்கும் வரை ஓதினேன். அதன் பிறகு நிமிர்ந்து இரண்டே கேள்வி கேட்டேன். மாசம் எவ்வளவு? எத்தனை வருஷம்? அறுபத்திரண்டு ரூபாய், இருபது வருடம் என்றார். கையெழுத்துப் போட்டேன்.

வீட்டுக்கு வந்து அவளிடம் சொன்னேன். அவள் பிள்ளைகளுக்குச் சோறு போட்டுக்கொண்டிருந்தாள். 

“நாங்க அதுக்கு வாடகைன்னு செல்லுவோமே. வாடகை ஹலால்தானே” என்றாள்.

அன்றிலிருந்து அது வாடகைதான். “வாடகை கட்டியாச்சா?” என்று ஒவ்வொரு மாதமும் கேட்பாள். தபால் கந்தோரில் மணியோடர் எழுதி அனுப்புவேன். ரசீது வரும். இன்ன தொகை கிடைத்தது என்று மட்டும் அதில் இருக்கும். கம்பியில் குத்தி வைத்துவிடுவேன்.

வீடு நன்றாகத்தான் அமைந்தது. முன்னால் ஒரு மண்டபம், மூன்று அறை, மிளகு காயவைக்கச் சீமெந்து முற்றம். குடிபோன அன்று மௌலூது ஓதி, நெய்ச்சோறு ஆக்கி, அக்கம்பக்கத்துச் சிங்களவர்களுக்கும் அனுப்பினோம். அவள் தொழுகைப் பாயைக் கிழக்கு அறையில் விரித்துவிட்டு, “இனி எழும்பிப் போங்கன்னு யாரும் செல்ல ஏலாது” என்று சொன்னது இன்னும் காதில் இருக்கிறது.

அவளுக்கு ஒரே ஓர் ஆசை இருந்தது. நகையோ புடவையோ கேட்டவள் அல்ல. ஹஜ்ஜுக்குப் போக வேண்டும். அதற்கென்று அச்சாறு போட்டு விற்றாள். சின்ன வெங்காயமும் பச்சை மிளகாயும் விலிம்பிக்காயும் வினாகிரியில் ஊறி எப்போதும் வீட்டில் மணந்துகொண்டிருக்கும். எல்கடுவத் தோட்டங்களில் சம்பளம் போடும் கிழமை நன்றாக விற்கும். கிடைத்த சல்லியை ஒரு பழைய மா பேணியில், தகர டின்னில், போட்டு அலுமாரியில் வைப்பாள். தபால் கந்தோரில் ஒரு சேமிப்புப் புத்தகம் திறக்கலாம் என்று மூத்த மகன் சொல்லிப் பார்த்தான்.

“அதுல சேர்றது வேற சல்லி. அதத் தூக்கிக்கிட்டு மக்காவுக்குப் போக ஏலாது” என்று மறுத்துவிட்டாள்.

பேணியில் போட்டது போட்டபடி இருந்தது. பத்து வருடம் அப்படிப் போனது. ஒரு மாதம் கூட நாங்கள் தவணை தவறவில்லை. மிளகு விலை விழுந்த வருடங்களில் அவளுடைய வளையல் அடகுக்குப் போய்த் திரும்பியிருக்கிறது. வாடகை நின்றதில்லை.

அவளுடைய மூத்த சகோதரர், அவளுக்கு நானா, எனக்கு மச்சான், கலேவெலயில் நெல்லும் வெங்காயமும் வாங்கி விற்பவர். சத்தமாகப் பேசி, சத்தமாகச் சிரிப்பவர். ஒரு நாள் பஸ்ஸில் ஒரு சாக்கு வெங்காயத்தோடு வந்து இறங்கினார். சாக்கை முற்றத்தில் போட்ட கையோடு சொன்னார்.

“தங்கச்சி, இந்த வருஷம் ஹஜ்ஜுக்குப் பேர் குடுத்திட்டேன். மதினியும் வாறா. நீயும் வாறியா? மஹ்ரமா நான் ஈக்கிறேன். ஒன்ட மாப்புளய இழுத்துக்கிட்டு அலையத் தேவயில்ல.”

கணவனோ சகோதரனோ மகனோ துணைக்கு இல்லாமல் எங்கள் பெண்கள் அந்தப் பயணம் போவதில்லை. இரண்டு பேருக்கான செலவை நான் எந்தக் காலத்தில் சேர்ப்பது என்று நினைத்துக்கொண்டிருந்த இடத்தில், ஒருத்திக்கான செலவோடு அவள் போய்வர வழி வந்து நின்றது. பேணியில் இருந்தது அதற்குச் சரியாகப் போதும்.

“அவரு வந்தாலும் மிளகு வெலதான் கேப்பாரு, நானா” என்று அவள் உள்ளேயிருந்து சொன்னாள்.

“அரஃபாவுல நின்னுக்கிட்டு இறாத்தல் என்ன வெலன்னு கேக்கிற ஆளு” என்று மச்சான் என் முதுகில் தட்டினார்.

மூவரும் சிரித்தோம். பிறகு அவள் தேத்தண்ணியைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“கடன் ஈக்குதே, நானா.”

“யாருக்குத்தான் இல்ல? வயல் வெதச்சவன் அத்தன பேரும் கடன்காரன்தான்.”

“இது வீட்டுக் கடன். அத வெச்சிக்கிட்டுப் போனா எனக்கு மனசு நிக்காது. போறவங்க கடன முடிச்சிட்டுப் போகணும்னு எங்கட உம்மா செல்லுவாங்கதானே.”

அப்போதுதான் அந்தக் கணக்கைப் போட்டோம். இருபது வருடக் கடன். பத்து வருடம் முடிந்தது. ஆகவே பாதி முடிந்தது. எட்டாயிரத்தில் பாதி நாலாயிரம். இந்தக் கணக்குக்கு எங்கள் மூவருக்கும் ஒரு துண்டுக் கடதாசி கூடத் தேவைப்படவில்லை. அவளுக்குத் தாய்வழிப் பங்காக வந்த ஒரு துண்டுக் காணி இருந்தது. கொக்கோவும் மிளகும் இரண்டு பலாவும் நின்றன. பக்கத்துக் காணி முதலாளி பல வருடமாக விலைக்குக் கேட்டுக்கொண்டிருந்தார். அதை விற்றால் கடன் முடியும். பேணியில் உள்ளதை எடுத்துக்கொண்டு கடனில்லாதவளாக அவள் போகலாம். அல்லாஹ்வே ஏற்பாடு செய்தது போல எல்லாம் பொருந்தி வந்தது.

கந்தோரில் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு விற்போம் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. அந்தக் கடனைப் பற்றிக் கேட்காமல் இருப்பதே எங்களுக்குப் பழக்கமாகிவிட்டது.

காணி நாலாயிரத்து இருநூறுக்குப் போனது. எழுதிக் கொடுத்துவிட்டுத் திரும்பும்போது அவள் வாங்கியவரிடம் சிங்களத்தில், “முதலாளி, அந்த ரம்பச் செடியில மட்டும் கறிக்கு நான் எல பறிச்சிக்கிறேன்” என்றாள். “ஐயோ நோனா, செடியையே கொண்டு போங்க” என்று அவர் சிரித்தார்.

பயணத்துக்கு நாள் நெருங்கியதால் அவள் மன்னிப்புக் கேட்கப் புறப்பட்டாள். ஹஜ்ஜுக்குப் போகிறவர்கள் சொந்தபந்தம், அண்டை அயல் என்று ஒவ்வொரு வீடாகப் போய், தெரிந்தோ தெரியாமலோ பிழை செய்திருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள் என்று கேட்டு விடைபெறுவது எங்களுடைய வழக்கம். பல வருடம் பேசாமல் இருந்த ஒரு சிறிய தாயின் வீட்டுக்கும் போனாள். இருவரும் கட்டிப்பிடித்து அழுதார்களாம். போன இடமெல்லாம் தங்களுக்காக அங்கே துஆ, பிரார்த்தனை, செய்யச் சொன்னார்கள். இன்னாருக்குச் சுகமாக வேண்டும், இன்னாருக்கு மாப்பிள்ளை வர வேண்டும். எல்கடுவயிலிருந்து கராம்பு கொண்டுவந்து விற்கும் ஓர் அம்மா இருந்தார். சைவக்காரர். அவரிடமும் இவள் மன்னிப்புக் கேட்டாள். அந்த அம்மா பதறிப்போனார்.

“என்னங்கம்மா நீங்க போயி எங்கிட்ட! ஒங்க சாமிகிட்ட ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. எம்மகளுக்குக் கல்யாணமாகி ஆறு வருசமாச்சு. மடியில ஒரு புள்ள வேணும்.”

“செல்றேன். மறக்க மாட்டேன்” என்று இவள் கையில் அடித்துச் சொன்னாள்.

அதற்குப் பிறகுதான் நாங்கள் இருவரும் கண்டிக்குப் பஸ் ஏறினோம். அவள் வரத் தேவையில்லை. ஆனால் காணி அவளுடையது, கடன் முடிவதைத் தன் கண்ணால் பார்க்க வேண்டும் என்றாள். நல்ல புடவை உடுத்தி, முந்தானையால் தலையை மூடிக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்து வந்தாள். வழியெல்லாம் வாய் எதையோ ஓதிக்கொண்டிருந்தது.

கந்தோரில் வயதான சிங்கள லிகிதர் ஒருவர் இருந்தார். நல்ல மனிதர். அவளுக்குக் கதிரை போட்டுக் கொடுத்தார்.

“நாலாயிரம் கொண்டு வந்திருக்கிறோம். இன்றைக்கே கடனை முடித்துக்கொள்கிறோம்” என்று சிங்களத்தில் சொன்னேன்.

அவர் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். “முடிப்பதென்றால் ஐயாயிரத்து முந்நூற்று நாற்பது ரூபாய் வரும், முதலாளி.”

வேறு யாருடைய கணக்கையோ பார்த்துவிட்டார் என்று நினைத்தேன். என் பெயரையும் ஊரையும் திரும்பச் சொன்னேன்.

“உங்களுடையதுதான்.”

“பத்து வருடம் கட்டியிருக்கிறேன். இருபதில் பத்து.”

“வருடம் பாதிதான். கடன் பாதியாகவில்லையே” என்றார். ஒரு பென்சிலை எடுத்துக் காட்டினார். “முதல் மாதம் நீங்கள் அறுபத்திரண்டு ரூபாய் கட்டினீர்கள். எட்டாயிரத்துக்கு அந்த மாத வட்டி மட்டும் நாற்பத்தாறு ரூபாய்க்கு மேல். அதை எடுத்துவிட்டு மிஞ்சிய பதினைந்து ரூபாய்தான் கடனில் கழிந்தது. அடுத்த மாதம் சில சதம் கூடுதலாகக் கழியும். இப்படியே வந்து, இப்போதுதான் கட்டுவது வட்டிக்குப் பாதி, கடனுக்குப் பாதி என்ற இடத்துக்கு வந்திருக்கிறது. இனித்தான் வேகமாகக் குறையும்.”

அவர் சொன்னதை நான் தமிழில் அவளுக்குச் சொல்லத் தேவையிருக்கவில்லை. அவளுக்கும் சிங்களம் தெரியும். வட்டி என்ற சொல்லை அவர் சொன்ன ஒவ்வொரு முறையும் அவளுடைய கை முந்தானையை இறுக்கிப் பிடித்ததைப் பார்த்தேன்.

“ஒரு மாசமும் தவறலியே, மாத்தயா” என்றாள்.

“தவறவில்லை, நோனா. தவறியிருந்தால் இதைவிடவும் கூட நின்றிருக்கும்.”

“இருபது வருஷமும் கட்டி முடிச்சா, மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம்?”

பத்து வருடத்தில் அந்தக் கேள்வியை முதலில் கேட்டவள் அவள்தான். லிகிதர் பெருக்கிப் பார்த்தார். பதினையாயிரத்துக்குச் சற்றுக் குறைவு என்றார். அவள் என்னைப் பார்க்கவில்லை.

“ரெண்டு வீடு” என்று மெதுவாகச் சொன்னாள்.

“கையெழுத்துப் போட்ட அன்றே இதையெல்லாம் சொல்லியிருப்பார்களே?” என்று லிகிதர் என்னைக் கேட்டார். சொன்னார்கள்தான். அவர்கள் சொல்லும்போது நான் ஓதிக்கொண்டிருந்தேன்.

என் தொழிலில் இது தெரியாத விஷயமா? பச்சை மிளகை நிறுத்து வாங்குகிறோம். மூன்று இறாத்தல் காய்ந்தால் ஓர் இறாத்தல்தான் கையில் நிற்கும். பச்சையின் நிறையை வைத்துக் காய்ந்த விலை பேசுபவனைக் கடைத்தெருவில் பைத்தியக்காரன் என்பார்கள். நான் பத்து வருடமாகப் பச்சை மிளகை அனுப்பிவிட்டு அத்தனையும் காய்ந்த மிளகாகக் கணக்கில் ஏறியது என்று நம்பிக்கொண்டிருந்திருக்கிறேன். அதுவரை கட்டியது மட்டுமே நாங்கள் கடனாக வாங்கிய தொகைக்குக் கிட்ட வந்திருந்தது. அதற்கு மேலும் ஐயாயிரத்துச் சொச்சம்.

வெளியே வந்து பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு மரத்தடியில் நின்றோம். அவள் குடிக்கத் தண்ணீர் கூடக் கேட்கவில்லை.

“புள்ள, நீ நானாவோட போயிட்டு வா” என்றேன். “காணிச் சல்லி அப்படியே ஈக்கட்டும். கடன நான் முன்ன மாதிரி கட்டிக்கிட்டு வாறேன். ஆலிம்கிட்டயும் கேப்போம். கடன் குடுத்தவங்க சம்மதிச்சா போகலாம்னு செல்றாங்க.”

அவள் ரோட்டைப் பார்த்துக்கொண்டே பேசினாள்.

“தெரியாம கட்டினது வேற. இனித் தெரிஞ்சிக்கிட்டு ஒரு மாசமும் என்னால கட்ட ஏலாது. மாசாமாசம் பாதி அந்த வழில போகுதுன்னு தெரிஞ்சிக்கிட்டு, நான் கஃபாவுக்கு முன்னால போய் நின்னு என்னத்தக் கேக்கிற?”

“மிச்சத்துக்குப் பேணியில ஈக்கிறத எடுத்தா பயணம் போச்சே.”

“அது எனக்கு வெளங்குது” என்றாள்.

 பஸ்ஸில் வந்து வீடு சேர்ந்தோம்.

கேள்விப்பட்டு மச்சான் கலேவெலயிலிருந்து ஓடிவந்தார். குறைகிற சல்லியைத் தான் தருவதாகச் சொன்னார். “ஒரு கடன அடைக்க இன்னொரு கடனா, நானா? ஒங்கட சல்லி ஒங்கட ஹஜ்ஜுக்கு” என்று அவள் மறுத்துவிட்டாள். அவருக்கு வந்த கோபமெல்லாம் என் பக்கம் திரும்பியது.

“மச்சான், மிளகுக்குள்ள ஒரு கல்லு ஈந்தாலும் கண்டுபிடிச்சி வெல கொறைக்கிற ஆளு நீங்க. பத்து வருஷத்துல ஒரு தரம் வாயத் தொறந்து கேட்டிருக்க ஏலாதா?”

“விடுங்க நானா, நானும் கேக்கலதானே” என்று அவள் குறுக்கே சொன்னாள்.

மறுகிழமை பேணியை மேசையில் கவிழ்த்தாள். நோட்டுகளில் வினாகிரி வாசம் இருந்தது. காணிச் சல்லியோடு சேர்த்துக் கட்டி, கடனை முடித்து, உறுதியைக் கையில் வாங்கிக்கொண்டு வந்தோம். பேணியில் அடியில் கொஞ்சம் மிஞ்சியது.

அக்கம்பக்கத்தில் ஒரு ராத்தா, எல்லோருக்கும் அக்கா போன்றவர், இருந்தார். வாய் கொஞ்சம் கூட. ஆனால் கெட்ட மனசு இல்லை. கிணற்றடியில் இவளைக் கண்டதும், “என்ன புள்ள, ஊரெல்லாம் மன்னிப்பு வாங்கிட்டுப் போகாமயே ஈக்கிறாய்? நான் குடுத்தத் திருப்பித் தா” என்று பகிடி பண்ணினார். இவளும் சிரித்தாளாம். வீட்டுக்கு வந்து என்னிடம் சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். பிறகு அறைக்குள் போய் வெகுநேரம் தொழுகைப் பாயில் இருந்தாள். அந்தக் கிழமை முழுவதும் கிணற்றுக்கு மகளைத்தான் அனுப்பினாள்.

மச்சான் புறப்பட்ட அன்று நாங்கள் கலேவெலக்குப் போனோம். அவள் தன்னிடம் மற்றவர்கள் கேட்டிருந்த துஆக்களையெல்லாம் ஒவ்வொன்றாக அவருக்குச் சொல்லிக் கொடுத்தாள். தோட்டத்து அம்மாவின் மகளையும் மறக்கவில்லை. மச்சான் இத்தனையும் எப்படி ஞாபகம் வைப்பேன் என்று கேட்கவில்லை. ஒவ்வொன்றையும் மெதுவாகத் திரும்பச் சொல்லிப் பார்த்தார். திரும்பி வந்து ஸம்ஸம் தண்ணீரும் பேரீச்சம்பழமும் கொடுத்தார். அடுத்த வருடம் அந்தத் தோட்டத்து அம்மா பேரப்பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கடைக்கு வந்து, “ஒங்க சாமி கேட்டுருச்சுங்கம்மா” என்று இவள் காலில் விழப் பார்த்தார். இவள் தடுத்துப் பிள்ளையை வாங்கிக்கொண்டாள். தான் போகவில்லை என்பதைச் சொன்னாள். அந்த அம்மாவுக்கு அது விளங்கியதோ என்னவோ தெரியாது.

கடன் இல்லாத வீட்டில் நாங்கள் மறுபடி சேர்க்கத் தொடங்கினோம். வாடகை என்று போன அறுபத்திரண்டு ரூபாய் இப்போது பேணிக்குள் போனது. ஆனால் மச்சான் தன் கடமையை முடித்துவிட்டார். இனி நான் துணைக்குப் போக வேண்டும். இரண்டு பேருக்கான செலவு. இடையில் மகளின் கலியாணம் வந்தது. அதற்கு எடுத்தோம். மறுபடி சேர்த்தோம். சேர்ந்து முடிந்தபோது நாட்டில் அந்நியச் செலாவணித் தட்டுப்பாடு. வெளிநாட்டுக் காசு கிடைப்பதில்லை, ஹஜ்ஜுக்கு அனுமதியும் சிலருக்குத்தான் என்றார்கள். விண்ணப்பம் போட்டோம். வரவில்லை. அடுத்த வருடமும் போட்டோம். கடையில் பாண் வாங்க வரிசையில் நிற்கும்போதும் அவள் அந்தப் பேச்சைத்தான் விசாரிப்பாளாம், யாருக்குக் கிடைத்தது, எப்படிக் கிடைத்தது என்று.

சல்லி இருந்தும் போக முடியாத அந்த வருடங்களில்தான் எனக்கு முழுவதும் விளங்கியது. கடனுக்கு நான் கொடுத்த விலை கந்தோர்க்காரர் பென்சிலால் போட்ட தொகை மட்டும் அல்ல. கதவு திறந்திருந்த ஒரு வருடத்தையும் அதற்குள் போட்டிருக்கிறேன். அந்த வருடம் போன சல்லி திரும்பவும் சேர்ந்தது. அந்த வருடம் மட்டும் திரும்பி வரவில்லை.

அவளுக்கு மூச்சு வாங்க ஆரம்பித்தது. மாத்தளை ஆஸ்பத்திரியில் இருதயம் பலவீனம் என்றார்கள். சீமெந்து முற்றத்தைக் கூட்டி முடிப்பதற்குள் இரண்டு தரம் உட்காருவாள். மூன்றாம் தரம் போட்ட விண்ணப்பத்துக்குப் பதில் வருமுன் வஃபாத்தானாள். இன்னா லில்லாஹி வஇன்னா இலைஹி ராஜிஊன்.

ஜனாஸாத் தொழுகைக்கு முன் மய்யித்தின், அதாவது இறந்தவரின், உரிமைக்காரன் எழுந்து நின்று கேட்பது எங்கள் ஊரில் வழக்கம். நான் நின்றேன். “இவங்க யாருக்காச்சும் ஏதாச்சும் குடுக்க வேண்டி ஈந்தா எங்கிட்ட கேளுங்க. நான் பொறுப்பு” என்றேன். தொழுகை வரிசையில் நின்ற ஒருவரும் கேட்டு முன்வரவில்லை. கையில் ஊன்றுகோலோடு மச்சான் முன்வரிசையில் நின்று அழுதார். அவள் யாருக்கும் ஒரு சதம் கூட வைக்காமல் போனாள். அவளுக்குக் கொடுக்க வேண்டியவன்தான் எழுந்து நின்று கேட்டுக்கொண்டிருந்தான்.

இப்போது யாராவது வீடு கட்டக் கடன் எடுக்கப் போகிறேன் என்று கடையில் வந்து சொன்னால், நான் ஆலிம் அல்ல, எடு என்றும் எடுக்காதே என்றும் சொல்வதில்லை. எடுப்பதென்றால் காதைத் திறந்து வைத்துக்கொண்டு எடு என்பேன். மாதம் எவ்வளவு என்று மட்டும் கேட்டுவிட்டு வராதே. முடியும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பேன் என்று கேள். வருடத்துக்கு ஒரு தரம் போய், இன்றைக்கே முடித்தால் எவ்வளவு என்று கேள். பாவத்தின் பெயரைக் கேட்காமல் இருந்தால் பாவம் குறைந்துவிடாது. கணக்கும் குறைந்துவிடாது. சில பேர் தலையை ஆட்டுவார்கள். சில பேர் மிளகுச் சல்லியை வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள்.

சில வருடம் சென்று கட்டுப்பாடுகள் தளர்ந்தன. பேணியில் இருந்தது அவளுடைய சல்லி. அதை எனக்கென்று நான் தொடவில்லை. இறந்தவருக்காக இன்னொருவர் ஹஜ் செய்யலாம். ஆனால் செய்கிறவர் தன்னுடைய ஹஜ்ஜை முன்பே முடித்திருக்க வேண்டும். நான் முடிக்காதவன். என்னால் அவளுக்காகப் போக முடியாது. ஏற்கெனவே போய்வந்த, மத்ரஸாவில் ஓதிக்கொடுக்கும் உஸ்தாத் ஒருவர் இருந்தார். மாத்தளையில் அவரைக் கண்டு பேசினேன். அவர் உடனே சம்மதித்தார். புறப்படுவதற்கு முந்திய நாள் அஸருக்குப் பிறகு வீட்டுக்கு வந்தார். மண்டபத்தில் உட்கார்ந்து தேத்தண்ணி குடித்தார். பேணிச் சல்லியைக் கொடுத்தேன். அதை எண்ணாமலே ஜிப்பாப் பையில் வைத்தார்.

“இந்த ஹஜ் அவங்களுக்காகன்னு நிய்யத் வைக்கிறதுக்கு அவங்கட பேரும் வாப்பாட பேரும் வேணும், ஹாஜியார்” என்றார். ஹஜ்ஜுக்குப் போகாத என்னை மரியாதைக்கு எல்லோரும் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

“நான் ஹாஜியார் இல்ல, உஸ்தாத்” என்றேன்.

அவர் பெயரைக் குறித்துக்கொள்ள ஒரு துண்டுக் கடதாசியை எடுத்தார்.

நாங்கள் வாழ்ந்த காலமெல்லாம் நான் அவளைப் புள்ள என்றுதான் கூப்பிட்டேன். அவள் என்னை இஞ்ச பாருங்க என்பாள். பிள்ளைகளிடம் பேசும்போது உங்கட உம்மா என்பேன். பெயர் சொல்லிக் கூப்பிடும் பழக்கம் எங்களுக்கு இல்லை. நான் அவள் பெயரை மெதுவாகச் சொன்னேன். சரியாகக் கேட்கவில்லை, இன்னொரு தரம் சொல்லுங்கள் என்று உஸ்தாத் குனிந்தார். இன்னொரு தரம், சத்தமாகச் சொன்னேன்.